உப்புப் பார்க்காத சாம்பார்

காளியாயிக்கு யாரையும் லேசில் நம்பிப் பழக்கமில்லை. தேயிலைக் கொழுந்து நிறுக்கிற தராசை நம்பமாட்டாள். தராசு சரிதான் என்று தெரிந்தால் நிறுக்கிற ஆளை நம்பமாட்டாள். லிந்துலை டவுனுக்குப் போகிற பஸ்ஸில் ஏறினால், இது லிந்துலைக்குத்தானே என்று கொண்டக்டரிடம் கேட்பாள். அவன் ஆமாம் என்று சொன்ன பிறகு, பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறவளிடமும் ஒரு தடவை கேட்டு வைத்துக்கொள்வாள். "கேட்டா வாயா தேஞ்சுபோகும்?" என்பாள். ஆயுசில் பாதிக்கு மேல் கொழுந்து மலையில் கழித்தவள். ஏமாந்தது போதும் என்று அவள் நினைத்ததில் நாம் தப்புச் சொல்ல முடியாது.

இப்படிப்பட்டவளுக்கு ஒரு மருமகள் வந்தால் எப்படியிருக்கும்! அதுவும் அவளே பார்த்துக் கட்டிவைத்த மருமகள் இல்லை. மகன் விஜிதரன் நுவரெலியாவில் ஓட்டோ ஓட்டுகிறவன். அங்கே ஒரு ஹோட்டல் குசினியில் மரக்கறி வெட்டிக்கொண்டிருந்த வினோதாவை, போன கார்த்திகையில், மழையோடு மழையாகத் தோட்டத்து வரிசை வீடான லயத்துக்குக் கூட்டிக்கொண்டு வந்து நின்றான். பெண்ணின் கையில் ஒரு பேக்கு, கால் நிறையச் சேறு. காளியாயி நிலைப்படியைப் பிடித்துக்கொண்டு நின்று முதலில் கேட்ட கேள்வி, இவள் யார் என்பதில்லை. "ஏன்டா, இவ வீட்டுல இவளத் தேட மாட்டாங்களா?" என்பதுதான். தேடாத பெண்ணென்றால் அதில் ஏதோ இருக்கிறது என்பது அவள் எண்ணம்.

அன்றிலிருந்து அந்த லயக் காம்பராவுக்குள் ஒரு காவல் ஆரம்பமானது. வினோதா போனில் பேசினால், அடுப்பு ஊதுகிற சாக்கில் காளியாயி கிட்டே வந்து உட்கார்ந்துகொள்வாள். தேங்காய்ச் சம்பல் வாய்க்கு நன்றாயிருந்தால், "ஹோட்டல்காரியில்ல! இப்படிப் போட்டுப் போட்டுத்தான் எம்மகன மயக்கிப்புட்டா" என்பாள். நன்றாயில்லாவிட்டால், "வேணுமின்னே செய்றா. குசினிப் பக்கம் வராதன்னு நானே சொல்லணும்னு பாக்குறா" என்பாள். வினோதாவும் மூலையில் உட்கார்ந்து அழுகிற ஆள் இல்லை.

"அத்தை, ரெண்டுல ஏதாச்சும் ஒண்ணச் சொல்லுங்க. நான் அதுக்குத் தக்கன அரைக்கிறேன்."

இந்தப் பதிலில் இருப்பது மரியாதையா நக்கலா என்று காளியாயி ரொட்டியைப் பிய்த்தபடி அன்றைக்கு முழுக்க யோசித்துக்கொண்டிருப்பாள்.

ஊசிமலைத் தோட்டத்தில் காளியாயிக்கென்று இருந்த ஒரே பெருமை கோயில் அடுப்பு. வைகாசியில் மாரியம்மன் திருவிழாவின் கடைசி நாள், அன்னதானச் சாம்பார் அவள் கையால்தான். மேல் லயம், கீழ் லயம் என்று பார்க்காமல் தோட்டமே ஒரு பந்தியில் உட்காருகிற நாள் அது. ஆனால் அதில் ஒரு கட்டுப்பாடு உண்டு. பூசை முடிந்து, அம்மனுக்கு முன்னால் இலை போட்டு, சோறும் ஒரு அகப்பைச் சாம்பாரும் விழுகிறவரைக்கும் அந்தச் சாம்பாரில் ஒரு சொட்டுக்கூட யார் நாக்கிலும் படக்கூடாது. சமைக்கிறவள் வாயில் துணி கட்டிக்கொண்டுதான் அடுப்படிக்கே போக வேண்டும். ருசி பார்த்தது எச்சில். எச்சிலை அம்மனுக்கு வைத்தால் தோட்டத்துக்கே ஆகாது.

அப்படியானால் உப்பு? அதற்குத்தான் கோயில் சிரட்டை. புகையேறிக் கறுத்துப்போன ஒரு தேங்காய்ச் சிரட்டை, கோயில் பாத்திரங்களோடு கிடந்தது. ஒரு அண்டாச் சாம்பாருக்கு அதில் தலை வழித்து ரெண்டு சிரட்டை கல்லுப்பு. அவ்வளவுதான். நாக்குப் பார்க்க வேண்டிய வேலையை அங்கே சிரட்டை பார்த்தது. அந்தச் சிரட்டை காளியாயி கைக்கு வந்த நாளிலிருந்து, உப்புக் கூடியது குறைந்தது என்று பந்தியில் ஒரு பேச்சு வந்ததில்லை.

பேச்சு வராதா என்று காத்துக்கொண்டிருந்த ஆள் ஒருத்தி இருந்தாள். மேல் லயத்து ராக்காயி. அந்த அடுப்பு முன்பு ராக்காயியின் மாமியார் கையில் இருந்தது. ஒரு வருசம் சோறு குழைந்து போனதென்று கோயில் சபையில் பேச்சாகி, அடுப்பு காளியாயிக்கு மாறிவிட்டது. அதனால் ஒவ்வொரு திருவிழாவுக்கும் ராக்காயி இலையில் விரலை வைத்து நக்கி, கண்ணை மூடி, ஏதாவது ஒரு குறை அகப்படுமா என்று தேடுவாள். அகப்பட்டால் அடுப்புத் தன் வீட்டுக்குத் திரும்பிவிடும் என்பது அவளுக்கும் தெரியும், காளியாயிக்கும் தெரியும்.

இந்த வருசம் பார்த்தா நாட்டில் உப்புக்குத் தட்டுப்பாடு வர வேண்டும்! கடையெல்லாம் உப்பு இல்லை. "சுத்திவரக் கடல வச்சுக்கிட்டு உப்பு இல்லன்னு சொல்றான்களே, இத நம்பச் சொல்றீங்களா?" என்று காளியாயி தெரிந்தவர் தெரியாதவர் எல்லோரிடமும் கேட்டாள். திருவிழாவுக்கு முதல் நாள், டவுனில் பக்கீர் நானா கடைக்கு வினோதாவை அனுப்பினாள். அவள் கொண்டுவந்தது பாக்கெட்டில் அடைத்த தூளுப்பு. வெள்ளை வெளேரென்று கோதுமை மா மாதிரி இருந்தது.

"கல்லுப்பு எங்க?"

"இல்லையாம் அத்தை. இந்தியாவுல இருந்து இதுதான் வந்துருக்காம். பக்கீர் நானா சொன்னாரு."

"நீ கேட்டியா, அவராச் சொன்னாரா?"

"நான் கேட்டேன். அவரு சொன்னாரு."

"மத்தக் கடையில?"

"அங்க இதுவும் இல்ல."

காளியாயி பாக்கெட்டை அமுக்கிப் பார்த்தாள். காதுக்குப் பக்கத்தில் வைத்துக் குலுக்கிப் பார்த்தாள். கோயிலுக்கென்று வாங்கிய சாமானை நாக்கில் வைத்துப் பார்க்க முடியாது. இல்லாவிட்டால் அந்த நிமிசமே ஒரு கை பார்த்திருப்பாள்.

"இவ்வளவு வெள்ளையா உப்பு இருக்குமா? என்னத்தையோ கலந்துருக்கான்க. இதுல சாரமே இருக்காது."

"இல்லீங்க அத்தை, இது நல்லாக் கரிக்கும். ஹோட்டல்ல இதுதான் போடுவோம். கல்லுப்பு சிரட்டைக்குள்ள சந்து விட்டு நிக்கும். தூளு அடைஞ்சுக்கிட்டு நிக்கும். பாத்தா ஒரே சிரட்டைதான், ஆனா உப்பு கூட. நாளைக்குக் கொஞ்சம் கொறைச்சே போடுங்க."

கொறைச்சே போடுங்க! காளியாயிக்குக் காது இரண்டும் நிமிர்ந்துவிட்டது. இவள் ஏன் குறைக்கச் சொல்கிறாள்? சாம்பார் சப்பென்று போனால் யாருக்கு நல்லது? நேற்றைக்கு முந்தின நாள் மலைத் தண்ணீர் விழுகிற பீலிக்கரையில் ராக்காயியும் இவளும் ஒரே கல்லில் துணி துவைத்ததைத் தன் கண்ணால் பார்த்தாளே! அங்கே என்ன பேசினார்கள் என்று கேட்டதற்கு, "சோப்பு நுரையில்லன்னு பேசினோம்" என்றாள். சோப்பு நுரையைப் பற்றி அவ்வளவு நேரம் பேச என்ன இருக்கிறது?

"கோயில் அளவுக்கு நீ அளவு சொல்ல வந்துட்டியாக்கும்" என்று அந்தப் பேச்சை அத்தோடு வெட்டினாள்.

திருவிழாவன்று விடிய முன்பே மூடுபனி இறங்கி, கோயிலும் தெரியவில்லை, பக்கத்து மலையும் தெரியவில்லை. மேளச் சத்தம் மட்டும் வெள்ளைக்குள்ளிருந்து வந்துகொண்டிருந்தது. கோயிலுக்குப் பின்னால் தறப்பாள் கட்டி, கல் வைத்து, இரண்டு அடுப்பு மூட்டியிருந்தார்கள். போன கவ்வாத்தில் வெட்டிப் போட்ட தேயிலை மிளாறுக் குச்சி ஈரத்தில் எரியாமல் புகைந்தது. பெண்கள் வரிசையாய்க் குந்தி கரட், கோவா, கத்தரி, பூசணி வெட்டினார்கள். ஆம்பிளைகள் ஒரு பக்கம் சோற்று அண்டாவை இறக்குவதும் ஏற்றுவதுமாக இருந்தார்கள். ராக்காயி சரியாகச் சாம்பார் அடுப்புக்கு நேரே ஒரு இடம் பிடித்து, வாழையிலை கழுவிக்கொண்டிருந்தாள். கழுவின இலையையே திரும்பக் கழுவினாள். கண் முழுக்க இந்தப் பக்கம்தான்.

காளியாயி வாயில் மஞ்சள் துணியைக் கட்டிக்கொண்டு அடுப்புக்கு முன்னால் நின்றாள். பருப்பு மலர்ந்து, காய் வெந்து, புளி ஊற்றி, தூள் போட்டாயிற்று. சிரட்டையை எடுத்தாள். தலை வழித்து ஒன்று. தலை வழித்து இன்னொன்று. போட்டுவிட்டு அண்டாவைப் பார்த்தாள். அந்த வெள்ளைத் தூள் போன இடம் தெரியவில்லை. கல்லுப்புப் போட்டால் அடியில் கரகரவென்று ஒரு சத்தம் வரும். இதில் அதுவும் இல்லை. மாவுதான் கலந்திருக்கிறான், சந்தேகமே வேண்டாம். மூன்றாவதாக ஒரு சிரட்டையைக் குவித்து அள்ளினாள். பக்கத்தில் அகப்பையோடு நின்ற வினோதா, "அத்தை..." என்று வாயெடுத்தாள். காளியாயி அவளை ஒரு முறை முறைத்துவிட்டு, சிரட்டையைக் கவிழ்த்தாள்.

"கிண்டு. அடிப்புடிக்காமக் கிண்டு" என்று சொல்லிவிட்டு, தாளிப்புக்கு எண்ணெயும் கடுகும் எடுத்து வரக் கோயிலுக்குள் போனாள்.

எண்ணெய்ப் போத்தலோடு திரும்பி வந்தபோது வினோதாவின் முகம் சரியில்லை. அடுப்புச் சூட்டிலும் வெளுத்துப்போயிருந்தது. எண்ணெய்ப் போத்தலை வாங்குகிற மாதிரிக் கிட்டே வந்தாள்.

"அத்தை, சத்தம் போடாதீங்க. சாம்பாரு உப்புக் கரிக்குது. வாயில வைக்க முடியல்ல."

காளியாயி அண்டாவை ஒரு தடவை எட்டிப் பார்த்தாள். துணிக்குள்ளிருந்தே பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டாள்.

"ஒனக்கு எப்படித் தெரியும்?"

"கிண்டும்போது கையில தெறிச்சுருச்சு. சுட்டதும் பட்டுன்னு வாயில வச்சுட்டேன். தெரியாம வச்சுட்டேன் அத்தை."

பாவி மகளே! காளியாயிக்கு முதலில் வந்தது கோபம். கோபத்துக்குப் பின்னாலேயே சந்தேகம் வந்தது, அது அவளிடம் எப்போது பிந்தி வந்திருக்கிறது? நேற்றிலிருந்தே உப்பைக் குறை, குறை என்கிறாள். குறைக்கவில்லை. இப்போது கூடிவிட்டது என்கிறாள். நான் பயந்து தண்ணீரை ஊற்றினால் சாம்பார் ரசமாகிப் போகும். அதுதானே இவளுக்கு வேண்டும்? அல்லது நான் கோயிலுக்குள் போன நேரத்தில் இவளே இன்னொரு பாக்கெட்டைக் கொட்டியிருப்பாளோ? கையில் தெறித்ததாம். எங்கே தெறித்தது, பார்ப்போம். காட்டு கையை என்று கேட்க வாயைத் திறந்தாள்.

"என்னா, மாமியாரும் மருமகளும் காதுக்குள்ள பேசிக்கிறீங்க?" ராக்காயி இலைக்கட்டோடு எழுந்து வந்துவிட்டாள். "தாளிக்கலையா காளியக்கா? பூசாரி மணியடிக்கப் போறாரு."

"தாளிக்கத்தான் போறேன். நீ போய் எலையக் கழுவு."

ராக்காயி போகவில்லை. அண்டாவுக்குள் எட்டிப் பார்த்தபடி நின்றாள்.

காளியாயி குந்தி உட்கார்ந்து அடுப்புக்குள் மிளாறைத் தள்ளினாள். எரிகிற அடுப்புதான், தள்ளத் தேவையே இல்லை. யோசிக்க அவளுக்கு ஒரு சாக்கு வேண்டியிருந்தது. ஒருத்தி பொய் சொன்னால் அவளுக்கு அதில் ஒரு லாபம் இருக்க வேண்டும். காளியாயி எந்த ஆளையும் அளக்கிற வழி அதுதான். இவளுக்கு என்ன லாபம்? உப்பு சரியாயிருந்து இவள் பொய் சொல்கிறாள் என்றால், கோயில் சாப்பாட்டை வாயில் வைத்தேன் என்று தன் தலையில் தானே மண்ணை வாரிப் போட்டுக்கொள்வாளா? உப்பு கூடியது நிசம் என்றால், இவள் பேசாமல் இருந்திருக்கலாமே! பந்தியில் எல்லோரும் துப்பியிருப்பார்கள். ராக்காயி கை தட்டியிருப்பாள். கேவலம் காளியாயிக்கு. இவளுக்கு ஒரு சேதாரமும் இல்லை, ஓரமாய் நின்று வேடிக்கை பார்த்திருக்கலாம். இப்படித் திருப்பிப் பார்த்தாள், அப்படித் திருப்பிப் பார்த்தாள். எந்தப் பக்கம் திருப்பினாலும் இந்தப் பெண்ணுக்குக் கிடைப்பது ஒன்றுமில்லை.

சொல்லாமலும் இருக்க முடியாது. உப்பை ஏதாவது செய்து சரிக்கட்டினாலும், வாயில் பட்டது பட்டதுதான். எச்சில் என்று தெரிந்துகொண்டே அம்மனுக்கு முன்னால் வைக்கிற தைரியம் காளியாயிக்கு இல்லை. மனிதர்களை நம்பாவிட்டாலும் அம்மனை நம்புகிறவள் அவள்.

எழுந்து நின்றாள். "தலைவரண்ணே, இங்க கொஞ்சம் வாங்க" என்று கோயில் தலைவர் அழகுமுத்துவைக் கூப்பிட்டாள். அவர் வேட்டியைத் தூக்கிக்கட்டிக்கொண்டு வந்தார்.

"சாம்பாரு உப்புக் கூடிப்போச்சுங்க. அம்மனுக்கு வைக்க முடியாது."

அழகுமுத்து பதில் சொல்ல முன்பே ராக்காயி முந்திக்கொண்டாள். "கூடிப்போச்சுன்னு எப்படித் தெரியும்?"

வெட்டுகிற கத்தி, கழுவுகிற தண்ணீர், எல்லாச் சத்தமும் நின்றுவிட்டது. கூடிவிட்டது என்று சொல்கிறவள் ஒன்று போட்டவளாயிருக்க வேண்டும், இல்லை தின்று பார்த்தவளாயிருக்க வேண்டும். இது அங்கே குந்தியிருந்த அத்தனை பேருக்கும் ஒரே நேரத்தில் உறைத்தது. மூன்று சிரட்டை போட்டேன் என்று காளியாயி சொல்லிவிடலாம்தான், ஆனால் அப்போது தண்ணீர் விட்டுச் சரிக்கட்டி அதையே அம்மனுக்கு வைக்கச் சொல்வார்கள். ராக்காயியின் பார்வை மெதுவாய் வினோதாவின் மேல் போய் நின்றது.

"நீ உள்ளுக்குப் போயிட்ட. அகப்பை இந்தப் புள்ள கையிலதான இருந்துச்சு? நான் இங்கனதான இருக்கேன்" என்றாள்.

"எந்த ஊருப் பழக்கமோ" என்று யாரோ ஒருத்தி சொன்னாள். "அதான, ஹோட்டல்ல அகப்பையோட நக்கிப் பழகியிருக்கும்" என்றாள் இன்னொருத்தி. வினோதா அகப்பையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றாள். வாயைத் திறந்தால் உண்மையைச் சொல்லிவிடுவாள் என்று காளியாயிக்குத் தெரிந்தது.

சொன்னால் என்னாகும்? இன்றைக்குத் திட்டோடு போகாது. நாளைக்கு மலையில் மண் சரிந்தாலும் இவள் பேர்தான். ஒரு மாடு செத்தால் இவள் பேர்தான். பிள்ளைக்குக் காய்ச்சல் வந்தாலும், கொழுந்து கருகினாலும், கோயிலில் எச்சில் பண்ணினவள் என்று இவள் வாசலில் வந்து நின்று கத்துவார்கள். தேட ஆளில்லாத பெண். போகிறதுக்கும் இடமில்லை.

காளியாயி வாய்த் துணியை இழுத்துக் கழுத்தில் விட்டாள்.

"அவளப் பாக்காத ராக்காயி. நான்தான் வாயில வச்சேன்."

"நீயா?"

"நான்தான். தூளுப்பு. கண்ணுக்குப் புடிக்கல்ல. மா கலந்துருப்பான்கன்னு ஒரு சந்தேகம். துணிய எறக்கிட்டு ஒரு சொட்டு நாக்குல வச்சுப் பாத்துட்டேன்."

இதை மட்டும் யாரும் சந்தேகிக்கவில்லை! காளியாயிக்குச் சந்தேகம் வந்தது என்றால் அதை நம்பாத ஆள் ஊசிமலைத் தோட்டத்தில் உண்டா? "அம்மன் சாப்பாட்டுலயும் சந்தேகமா, அடிப்பாவி!" என்று ஒரு கிழவி தலையில் அடித்துக்கொண்டாள். ராக்காயி மட்டும் காளியாயி முகத்தையும் வினோதா முகத்தையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"நெசமாவே நீதான் வச்சியா, காளியக்கா?"

"யாரு வச்சான்னு அம்மனுக்குத் தெரியும்" என்றாள் காளியாயி. அதில் பொய் ஒன்றும் இல்லை.

அழகுமுத்து அகப்பையை வாங்கி ஒரு சொட்டு உள்ளங்கையில் விட்டு நக்கினார். இனி அது அம்மன் சாப்பாடு இல்லையே, யார் வேண்டுமானாலும் நக்கலாம். முகத்தைச் சுளித்துத் தூவென்று துப்பினார். "என்னா இது, கடலத் தூக்கி ஊத்துனாப்புல!" உடனே ஆளாளுக்கு விரலை நீட்டிக்கொண்டு வந்தார்கள். நக்கினவர்கள் எல்லோரும் உப்பு, உப்பு என்று துப்பினார்கள்.

பூசாரி வந்தார், பேசினார்கள். அம்மனுக்குத் தனியாக ஒரு சின்னப் பானையில் புதிதாய்ச் சாம்பார் வைப்பது, அதை ராக்காயி வைப்பது, பூசையைக் கொஞ்சம் தள்ளிப்போடுவது என்று முடிவானது. எச்சில் தீட்டுக் கழிய, காளியாயிக்குப் பீலியில் மஞ்சத்தண்ணி ஊற்ற வேண்டும். அடுத்த வருசத்திலிருந்து அடுப்பு ராக்காயி வீட்டுக்கு. அழகுமுத்து இதைச் சொல்லும்போது காளியாயியைப் பார்க்காமல் தறப்பாளைப் பார்த்துக்கொண்டு சொன்னார். காளியாயி சிரட்டையைத் தன் முந்தானையால் துடைத்து ராக்காயி கையில் கொடுத்தாள். ராக்காயி வாங்கிக்கொண்டாள். இவ்வளவு வருசம் ஆசைப்பட்டது கைக்கு வந்தும் அவள் அதை இலைக்கட்டின் மேல் வைத்துவிட்டாள்.

"இந்த அண்டாவ என்னா செய்றது?" என்று யாரோ கேட்டதும் எல்லோருக்கும் வாய் திறந்துகொண்டது. கோதுமை மாவை உருண்டை பிடித்துப் போடு, உப்பை இழுத்துவிடும் என்றாள் ஒருத்தி. தேசிக்காய் பிழி என்றாள் ஒருத்தி. அதைப் பிழிந்தால் புளிப்பும் சேர்ந்துகொள்ளும், சீனி போடு என்று மூன்றாமவள் சண்டைக்கு வந்தாள்.

"உருளைக்கெழங்க வெட்டிப் போட்டு எடுத்தா சரியாயிரும்" என்றாள் ராக்காயி.

"கெழங்கு போடலாம் சித்தி, ஆனா எடுக்கக் கூடாது" என்றாள் வினோதா. குரல் இன்னும் நடுங்கிக்கொண்டுதான் இருந்தது. "கெழங்கு உப்ப மட்டும் தனியா இழுக்காது. உள்ள போன உப்பு உள்ளதான் இருக்கும். பக்கத்துல இன்னொரு அண்டா வைப்போம். பருப்பு, பூசணி, கெழங்கு, எல்லாம் உப்பே இல்லாம. அது வெந்ததும் ரெண்டையும் மாத்தி மாத்தி ஊத்திக் கலந்துருவோம். கடைசில தேங்காப்பாலு."

"இவ்வளவு மரக்கறிக்கு இப்ப எங்க போறது?"

அதற்கும் வழி பிறந்தது. லயத்துப் பின்னால் ஆளுக்கொரு துண்டுத் தோட்டம் இருக்கிறதே! கிழங்கு தோண்ட ஒருத்தி ஓடினாள், பூசணிக்காயைத் தோளில் தூக்கிக்கொண்டு ஒருத்தன் வந்தான். பருப்புப் போத்தலை அப்படியே கொண்டுவந்து கவிழ்த்தவளும் உண்டு. அம்மனுக்கு வந்த தேங்காயெல்லாம் உடைபட்டது. ராக்காயி ஒரு பக்கம் வாயில் துணி கட்டிச் சின்னப் பானையைக் கிண்டினாள். உப்புப் போடும்போது, துணிக்கு மேலாலே வினோதாவைப் பார்த்து, "எவ்வளவு போடட்டும்?" என்று கண்ணால் கேட்டாள். வினோதா விரலால் காட்டினாள்.

இதெல்லாம் நடந்த நேரத்தில் காளியாயி பீலிக்கரையில் நின்றாள். மலைத் தண்ணீர், அதுவும் மூடுபனியில். முதல் குடத்துக்கே மூச்சு நின்றுவிட்டது. பூசாரி மஞ்சத்தண்ணியை ஊற்ற ஊற்ற, அவள் கையைக் கூப்பிக்கொண்டு உள்ளுக்குள் பேசினாள். ஆத்தா, நான் சொன்னது பொய். கோவமிருந்தா என் தலையோட வச்சுக்க. அந்தப் புள்ளகிட்டப் போகாத. நடுங்கின நடுக்கத்தில் பல் கிட்டிக்கொண்டது. அழுகையும் வந்தது. தலையிலிருந்து தண்ணீர் வழிந்துகொண்டிருந்ததால் யாருக்கும் தெரியவில்லை.

பந்தி உட்காரும்போது மத்தியானம் தாண்டிவிட்டது. அடுப்படியில் நின்று பழகின காளியாயி, இத்தனை வருசத்தில் முதல் தடவையாகப் பந்தியில், உலர்ந்த சேலையும் மேலே விஜிதரனின் ஜெர்சியுமாக உட்கார்ந்திருந்தாள். பக்கத்தில் வினோதா. பரிமாறிக்கொண்டு வந்தார்கள். சோறு, சாம்பார், கோவா வறை. எல்லோரும் சாப்பிட்டார்கள், யாரும் துப்பவில்லை. "தேங்காப்பாலு ஊத்துனது ஒரு தினுசாத்தான் இருக்கு" என்று ஒருவர் இரண்டாம் தடவை வாங்கினார். காளியாயிக்கு அந்தச் சாம்பார் யார் வீட்டுச் சாம்பாரோ போல இருந்தது. ரெண்டு வாய் சாப்பிட்டாள். பிறகு வினோதாவின் பக்கம் திரும்பினாள்.

"கையக் காட்டு."

"என்னாத்துக்கு அத்தை?"

"சுட்டுச்சின்னியே. எங்கன்னு பாக்கணும்."

வினோதா இடது கையை மடியில் வைத்துக்கொண்டாள். காளியாயி அதை எட்டிப் பிடித்து, மணிக்கட்டைத் திருப்பிப் பார்த்தாள். சோற்றில் பிசைந்துகொண்டிருந்த வலது கையையும் பிடித்துப் பார்த்தாள். கரி இருந்தது, மஞ்சள் இருந்தது, கத்திக் கீறல் ஒன்று இருந்தது. சுட்ட தடம் எங்கேயும் இல்லை.

"தெறிக்கல்ல, என்ன?"

வினோதா கையை இழுத்துக்கொண்டாள். "தெறிக்கல்ல அத்தை. நீங்க மூணாவதா அள்ளிப் போட்டதுமே கூடிப்போச்சுன்னு எனக்குத் தெரிஞ்சுபோச்சு. சொன்னா நீங்க கேக்கமாட்டீங்க. ருசி பாக்காமச் சொன்னா நம்பவும் மாட்டீங்க. பந்தியில அத்தன பேருக்கு முன்னால ஒங்கள வாய்க்கு வந்தபடி பேசுவாங்களேன்னு நெனச்சேன். பொகைக்குள்ள திரும்பி நின்னு, அகப்பையில எடுத்து, வேணுமின்னேதான் வாயில வச்சேன்."

பொய்! அடுப்படியில் அந்த நிமிசம் இந்தப் பெண் பொய்தான் சொல்கிறாள் என்று நினைத்தது அப்படியே சரியாகப் போய்விட்டது. வாழ்க்கையில் காளியாயி பட்ட சந்தேகத்தில் இவ்வளவு துல்லியமாய்ப் பலித்தது வேறு இல்லை. ஆனால் அவள் திட்டவில்லை. சோற்றைப் பிசைந்தாள். பிசைந்ததையே திரும்பவும் பிசைந்தாள்.

"அம்மனுக்கு முந்திச் சாப்புட்டுருக்க நீ" என்றாள் கடைசியில், அக்கம்பக்கம் கேட்காமல்.

"ஆமா அத்தை."

"அதுக்கு நான் மஞ்சத்தண்ணியில வெறைச்சுருக்கேன்."

வினோதாவின் கண்ணிலிருந்து பொலபொலவென்று கொட்டியது. புறங்கையால் துடைத்தாள்.

"அழுவாத. எலையில விழுகுது பாரு." காளியாயி தன் முந்தானையை எடுத்து அவளிடம் நீட்டினாள். பிறகு இன்னும் கிட்டே நகர்ந்து, அவள் காதோடு கேட்டாள். "அது நான் கடைசியா வச்ச சாம்பாரு. இனிமே எனக்கு அந்த அடுப்பு இல்ல. நக்கிப் பாத்ததுக எல்லாம் உப்பு, உப்புன்னே துப்புச்சுக. ஒருத்தியாச்சும் மத்ததப் பத்திச் சொல்லல்ல. நான் ஒரு சொட்டு வாயில வைக்கல்ல. நீதான் நல்லாப் பாத்துருக்க. உப்ப விடு. காரம் புளியெல்லாம் எப்படியிருந்துச்சு?"

வினோதா மூக்கை உறிஞ்சிக்கொண்டு யோசித்தாள். அவசரப்படாமல், அந்தச் சொட்டைத் திரும்பவும் நாக்கில் வைத்துப் பார்க்கிற மாதிரி யோசித்தாள்.

"காரம் சரியா இருந்துச்சு அத்தை. புளியும் அளவுதான். பெருங்காய வாசம் நல்லா வந்துச்சு."

"ம்" என்றாள் காளியாயி. பரிமாறுகிறவனைக் கையைத் தட்டிக் கூப்பிட்டு, மருமகளின் இலைக்கு இன்னும் கொஞ்சம் சோறு போடச் சொன்னாள்.